இதோ வந்துட்டேன்

அம்மாவை எங்கள் வீட்டுக்குக் கூட்டிப்போக வந்து இறங்கியபோது உச்சி வெயில். கதவு திறந்தே கிடந்தது. சாப்பாட்டு மேசையில் அம்மா இரண்டு தட்டு வைத்திருந்தாள். ஒன்று அவளுக்கு. மற்றது, போன வருஷம் காணாமல்போன அப்பாவுக்கு.

"உனக்கும் ஒரு தட்டு எடுத்துக்கோ," என்றாள், நான் ஏதோ தெருமுனைக் கடைக்குப் போய்த் திரும்பியவள் போல.

அப்பா காலப் பொறியாளர். சிரிக்க வேண்டாம், ஊர் ஏற்கெனவே சிரித்து முடித்துவிட்டது. அவர் செய்த சின்னப் பெட்டிக்குள் வைத்த ரோஜா மாதக்கணக்கில் வாடாமல் இருந்தபோது பத்திரிகைக்காரர்கள் வாசலில் தவம் கிடந்தார்கள். ஆள் நுழையும் அளவுக்குப் பெட்டி செய்யப்போகிறேன் என்றதும் அதே ஆட்கள் 'கடிகாரக் கிறுக்கர்' என்று பட்டம் கட்டிவிட்டுப் போனார்கள். அவர் பிள்ளையான எனக்கு வந்துசேர்ந்த ஒரே சொத்து கிட்டப்பார்வை.

பெரிய பெட்டியைப் பின்கட்டுப் பட்டறையில் செய்து முடித்தார். அதற்குப் பேச்சுதான் சாவி. உள்ளே போனவர் "வரேன்" என்று சொன்னால் கதவைத் திறந்து வெளியே விடும்.

"வந்துட்டேன்னு மட்டும் வாய் தவறிக்கூடச் சொல்லிடாதீங்க," என்று எங்களை எச்சரித்திருந்தார். "இருந்த இடத்தை விட்டு அசையாமலே வந்துட்டேன்னு சொல்ற ஆளுங்க நாம. மெஷினுக்கு அது தெரியாது. ஆள் வெளியே வந்தாச்சுன்னு நம்பி, உள்ளே இருக்கறவரை இல்லாமலே ஆக்கிடும்."

ஊருக்கு உபதேசம் செய்தவர் அவர்தான். ஒருநாள் பெட்டிக்குள் இருந்தபோது அம்மா சாப்பிடக் கூப்பிட்டாள். காலமெல்லாம் சொல்லிப் பழகிய நாக்கு, "இதோ வந்துட்டேன்" என்றது.

கதவை உடைத்துப் பார்த்தோம். அவருடைய மூக்குக்கண்ணாடி மட்டும் கிடந்தது. அம்மா புதுக் கதவு போடச் சொன்னாள். பெட்டியை அணைக்க விடவில்லை.

"இன்னுமா தட்டு வைக்கிறே?" என்று கேட்டேன்.

"நீயே கேளு." பட்டறைப் பக்கம் திரும்பிக் கூப்பிட்டாள். "என்னங்க, சாப்பாடு ஆறுது."

பின்கட்டில் மெல்லிய ரீங்காரம் எழுந்தது. சூடான செம்புக் கம்பியின் வாசனை வந்தது. அப்பாவின் சட்டையில் எப்போதும் இருக்கும் வாசனை.

"இதோ வந்துட்டேன்."

அதே குரல். வேலை நடுவில் கூப்பிட்டால் வரும் அதே சலிப்பு.

"தினமும் சொல்றார்டி," என்றாள் அம்மா. "வரத்தான் மாட்டேங்கிறார்."

"நீ சாப்பிடலாம்ல?"

"அவர் வரட்டும்."

அவள் கையைப் பிடித்தேன். எலும்பும் தோலுமாக இருந்தது. இப்படியே விட்டால் அம்மாவும் மிஞ்சமாட்டாள் என்று பயந்துபோனேன். பெட்டியை அணைத்துத் தொலைப்பது என்று முடிவுசெய்து பட்டறைக்குப் போனேன்.

விசை பெட்டிக்குள் இருந்தது. உள்ளே கால் வைத்தேன்.

வெளியே கத்திக்கொண்டிருந்த காக்கையின் குரல் பாதியில் நின்றது.

கதவு சாத்திக்கொண்டது.

என் பிடரியில் யாரோ மூச்சு விட்டார்கள். செம்பு வாசனை.

"எங்கேடி போனே? சாப்பிட வா." அம்மாவின் குரல் எங்கோ தொலைவில் கேட்டது.

"இதோ வந்..."

நாக்கைக் கடித்துக்கொண்டேன். வாயெல்லாம் ரத்தம் கரித்தது.

"வரேன்மா."

கதவு திறந்தது. விசையாவது ஒன்றாவது, தலைதெறிக்க ஓடிவந்தேன்.

"இப்பவே கிளம்பு. இந்த வீட்டுல இனி ஒரு நிமிஷம் நீ இருக்கக் கூடாது."

மல்லுக்கு நிற்பாள் என்று நினைத்தேன். அம்மா தன் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு, என் வாயோரத்து ரத்தத்தைத் துடைத்துவிட்டுச் சொன்னாள். "சரி. அவர்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிட்டு வரேன்."

வழக்கம்போல வெளியே நின்றுதான் சொல்வாள் என்று நம்பி, அவள் பையைக் காரில் வைக்கப் போனேன். வைத்துவிட்டுக் குரல் கொடுத்தேன்.

"அம்மா, நேரமாச்சு."

"இதோ வந்துட்டேன்."

குரல் பெட்டிக்குள்ளிருந்து வந்தது.

வாய் தவறியதா, தெரிந்தே சொன்னாளா, இன்றுவரை எனக்குத் தெரியாது. நான் ஓடிப்போய்த் திறந்தபோது அப்பாவின் கண்ணாடிக்குப் பக்கத்தில் அம்மாவின் கண்ணாடி மடித்து வைக்கப்பட்டிருந்தது.

வீட்டின் மின் இணைப்பை அன்றே துண்டித்தேன். அழுது அழுது கண்ணீரும் வற்றிப்போனது. நேற்றுதான் வீட்டைப் பூட்டிவிடலாம் என்று மறுபடி போனேன். மேசைமேல் இரண்டு தட்டுகளும் அப்படியே இருந்தன. மனசு கேட்கவில்லை.

"அப்பா, அம்மா, சாப்பிட வாங்க."

மின்சாரம் இல்லாத பட்டறையில் ரீங்காரம் எழுந்தது.

"இதோ வந்துட்டோம்."

மூன்று குரல்கள்.

மூன்றாவது குரல் என்னுடையது. நான் வாயே திறக்கவில்லை.

கையை மெல்ல உயர்த்தி, மூக்கின்மேல் கண்ணாடி இருக்கிறதா என்று தொட்டுப் பார்த்தேன்.

இன்னும் இருந்தது.