ஒருமனதாக ஒரு மொட்டைமாடி

மின்தூக்கியின் கதவு மூடியதும் வழக்கமான குரல் கேட்டது. "பாட்டு போடலாமா?"

உள்ளே ஏழு பேர். ஐந்து மணிக்கட்டுகளில் நாடிக்கண் பச்சையாக மின்னியது. மூலையில் சாய்ந்து நின்ற ஒருவருடையது மட்டும் சிவப்பு. பாட்டு வரவில்லை. அதற்காக யாரும் முகம் சுளிக்கவில்லை. பக்கத்தில் நின்ற பெண்மணி, "தலைவலியாண்ணா?" என்று கரிசனமாக விசாரித்தாள். ஏழாம் மிதவையில் பொழுது இப்படித்தான் போகும்.

ஏழாவது ஆள் தாயுமானவன். அவன் மணிக்கட்டு வெறுமையாக இருந்தது. அதைப் பார்த்ததுமே ஆட்கள் கொஞ்சம் நகர்ந்து மரியாதையாக இடம் விட்டார்கள்.

கடல் ஏறிவந்து எண்ணூரை விழுங்கிய பிறகு கட்டிய மிதக்கும் ஊர்களில் அது ஏழாவது. பதினாறு மாடி. எல்லாச் சாதியும், எல்லா மதமும், ஐந்தாறு பாஷையும் ஒரே கூரைக்குக் கீழே. பழைய காலத்தில் எதற்கெடுத்தாலும் கையைத் தூக்கச் சொல்லி எண்ணுவார்களாம். ஐம்பத்தொரு கை உயர்ந்தால் மிச்ச நாற்பத்தொன்பது பேரும் வாயைப் பொத்திக்கொள்ள வேண்டுமாம். எண்ணி எண்ணியே ஊர்கள் பற்றி எரிந்தன என்று பள்ளிக்கூடத்தில் பாடம் உண்டு. இங்கே எண்ணிக்கை கிடையாது. இசைவுதான். ஒரே ஒரு ஆள் சிவப்பு என்றாலும் தீர்மானம் அந்தரத்தில் நிற்கும். யாரும் யாரையும் தோற்கடிக்க முடியாது.

மிரட்டிச் சம்மதம் வாங்கிவிட்டால்? முடியாது. நாடிக்கண் எதற்கு இருக்கிறது? துடிப்பையும் வியர்வையையும் ரத்த ஓட்டத்தையும் அது மோப்பம் பிடித்துக்கொண்டே இருக்கும். சொல்லுக்குள் பயமோ கோபமோ ஒளிந்திருந்தால் சிவப்பு. சிவப்பில் சொன்னது சபையில் ஏறாது. சொல்லாத மாதிரிதான்.

சிவப்பைப் பச்சையாக்குவது தாயுமானவனின் உத்தியோகம். இசைவாளர் என்று பெயர். பஞ்சாயத்துப் பேசுகிறவனுக்குப் பக்கம் இருக்கக்கூடாது என்பதால் அவனுக்கு நாடிக்கண் கிடையாது. பதினொரு வருஷமாக அவன் கையாண்ட எந்தத் தீர்மானமும் விழுந்ததில்லை.

பதினாறாம் மாடியில் இறங்கியதுமே வாடை மூக்கைத் தொட்டது. நெத்திலிக் கருவாடு.

ரெஜினா மொட்டைமாடியில் குனிந்து மீனைப் புரட்டிப் போட்டுக்கொண்டிருந்தாள். மிதவையில் முழு வெயில் விழுகிற ஒரே இடம் அது. அவளுடைய வலை, உப்பு, வருமானம், மகளின் கல்லூரிப் படிப்பு எல்லாமே அந்த வெயிலில்தான் காய்ந்தன. நிமிர்ந்து பார்த்தவள் சிரித்தாள்.

"வாண்ணே. நேத்தே வருவேன்னு பாத்தேன். ஊரே பச்சையாமே? நான் ஒருத்திதான் செவப்பாமே?"

"ஒருத்திதான் ரெஜினா."

"அப்ப நான் பெரிய ஆளுதான்." புறங்கையால் நெற்றியைத் துடைத்துக்கொண்டாள். "தீர்மானத்துக்கு மணமில்லா மாடின்னு பேரு வேற வெச்சிருக்காங்க. ஏண்ணே, மல்லிகைக்கு மணம் இல்லியா? அத வெக்கலாமாம், இத காய வெக்கக் கூடாதாமா? கோமளவல்லி அம்மா வீட்டுக்காரரு படிக்கட்டு வழியா வந்து மாசாமாசம் கால் கிலோ வாங்கினு போறாரு. அது மணக்குதோ?"

தாயுமானவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கோமளவல்லி அவைத்தலைவி. தீர்மானத்தைக் கொண்டுவந்ததே அவள்தான்.

மாடியிலேயே ஒட்டியிருந்த வீட்டுக்குள் கூட்டிப்போய்ச் சோறு போட்டாள். கருவாட்டுக் குழம்பு. மறுக்க நினைத்தான், கை தட்டை நோக்கிப் போய்விட்டது. இரண்டு முறை வாங்கிச் சாப்பிட்டான். சாப்பிட்டுக்கொண்டே எல்லா வழியும் முயன்றான். ஆறாம் மிதவையில் தனி உலர்கூடம் இருக்கிறது என்றான். "படகு வாடகை நீ கட்டுவியா?" என்றாள். உப்பு நீக்கு நிலையத்தில் வேலை வாங்கித் தருகிறேன் என்றான். "உப்புப் போடறவளைப் போயி உப்பு எடுக்கச் சொல்றியே, நாயமா?" நாடிக்கண் ஒவ்வொரு தடவையும் சிவந்தது. கோபச் சிவப்பு. கடலைப் போல அலுக்காமல் வந்துகொண்டே இருந்தது.

மறுநாள் சாயங்காலம் மன்றம். பதினொரு வருஷப் பெயர் நாளைக்குப் போய்விடும் என்று அவனுக்குப் பட்டது. அந்த நினைப்பு வந்த பிறகுதான் அது நடந்தது.

"ரெஜினா, உன்கிட்ட சொல்லக்கூடாதுன்னுதான் இருந்தேன்." குரலைத் தாழ்த்தினான். "நம்ம ஜெனிட்டா கல்லூரிப் படகுல போறா இல்ல?"

"ஆமா."

"நானும் அதே படகுலதான் போறேன். தினமும் பாக்கறேன். அவ பக்கத்து சீட்டு காலியாவே இருக்கு. கூட்டம் நிக்குது, யாரும் உக்காரல. ஒரு வார்த்தை தப்பா சொல்லல, எல்லாம் நல்ல பிள்ளைங்க. ஆனா…"

அதற்குமேல் அவன் சொல்லவில்லை. 'ஆனா'விலேயே விட்டான். அது அவன் தொழிலின் நுணுக்கம்.

காலி இருக்கையை அவன் பார்த்தது உண்மை. ஒரு நாள். ஒரே நாள். 'தினமும்' என்பது அந்த நிமிஷத்தில் வாயில் தானாக வந்து உட்கார்ந்த சொல்.

ரெஜினா கரண்டியை மெதுவாகக் கீழே வைத்தாள். அவனுக்கு எதிரே நீட்டி வைத்திருந்த கையை இழுத்து முந்தானைக்குள் சுருட்டிக்கொண்டாள். தோள் இறங்கியது. மூச்சு இறங்கியது. தரையைப் பார்த்தபடி, "அவ எங்கிட்ட சொல்லவே இல்லண்ணே," என்றாள்.

"உன் மனசு கஷ்டப்படும்னுதான்."

"சரிண்ணே. எடுத்துடறேன்."

நாடிக்கண் பச்சை. கலங்காத, தெளிவான பச்சை.

அவன் கை கழுவினான். வாடை போகவில்லையோ என்று தோன்றி இன்னொரு தடவை கழுவினான். எதைக் கழுவுகிறோம் என்று அவனுக்குத் தெரிந்தே இருந்தது.

மன்றம் நிரம்பி வழிந்தது. மேடையில் கோமளவல்லி வெள்ளைப் புடவையில் பளிச்சென்று இருந்தாள். ரெஜினாவை எழச் சொன்னார்கள். எழுந்தாள். "சம்மதம்," என்றாள். பச்சை. கூடம் முழுக்க மெலிதாகக் கைத்தட்டல். பக்கத்தில் இருந்தவர்கள் அவள் முதுகைத் தடவிக்கொடுத்தார்கள். எல்லாரும் நல்லவர்கள்.

"தீர்மானம் ஒருமனதாக…" என்று கோமளவல்லி ஆரம்பித்தாள்.

"ஒரு நிமிஷம் மேடம்."

ஜெனிட்டா. படிப்பு முடியும்வரை அவளுக்குச் சம்மதம் சொல்லும் உரிமை இல்லை. கேள்வி கேட்கும் உரிமை உண்டு.

"நேத்து காலைல வரைக்கும் எங்கம்மா செத்தாலும் ஒத்துக்க மாட்டேன்னாங்க. மத்தியானம் இவர் வந்து சாப்பிட்டுட்டுப் போனாரு. அப்புறம் அம்மா வாயையே திறக்கல. ராத்திரி என் துணியெல்லாம் எடுத்து மறுபடி துவைக்கறாங்க. என்ன சொன்னீங்க அங்கிள்? நாடிக்கண் கட்டிக்கிட்டு இங்க சொல்லுங்க."

அந்த விதி இருந்தது. இசைவாளர் வீட்டுக்குள் பேசியதை, கேட்டால், நாடிக்கண்ணோடு சபையில் அதே வார்த்தைகளில் திரும்பச் சொல்ல வேண்டும். பொய் சொல்கிறவன் நெஞ்சில் பயம் இருக்கும். பயம் இருந்தால் சிவக்கும். இதுவரை யாரும் அவனை அப்படிக் கேட்டதில்லை.

ஒரு பணியாள் வந்து அவன் மணிக்கட்டில் பட்டையைச் சுற்றினார். குளிர்ச்சியாக இருந்தது. மாட்டிக்கொண்டோம் என்று நினைத்தான். நினைத்ததும், ஆச்சரியம், ஒரு நிம்மதி. சிவக்கட்டும். ஊர் பார்க்கட்டும். ரெஜினாவுக்கு அவள் வெயில் திரும்பக் கிடைக்கட்டும்.

"நான் சொன்னது… ஜெனிட்டா பக்கத்து சீட்டு தினமும் காலியா இருக்கு. நான் தினமும் பாக்கறேன்."

கூடம் மூச்சை அடக்கியது. அவன் ரெஜினாவைப் பார்த்தான். அவள் தலையை இன்னும் கொஞ்சம் தாழ்த்திக்கொண்டாள். அவனுக்குள் ஏதோ தண்ணீருக்குள் போட்ட கல் மாதிரி இறங்கியது. துடிப்பு இறங்கியது. தோள் இறங்கியது. கண் தானாகத் தரைக்குப் போனது.

மணிக்கட்டில் பச்சை. கலங்காத, தெளிவான பச்சை.

அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. இந்த யந்திரத்துக்குப் பயம் தெரியும், கோபம் தெரியும். அவமானம் தெரியாது. கூசிக் குறுகி அடங்கிப்போன உடம்பு அதற்கு நிம்மதியான உடம்பு. நேற்று அவள் கையில் எரிந்ததும் இதே பச்சை. பதினொரு வருஷமாக அவன் ஏற்றி வைத்த பச்சை எல்லாம்? கண் முன்னால் வரிசையாக வந்தன. சமையல் மாற்றிக்கொண்டவர்கள், பாங்கின் ஒலியைக் குறைத்துக்கொண்டவர்கள், பறையடிப்பதை நிறுத்திக்கொண்டவர்கள். ஒருவர்கூட அழவில்லை. எல்லாரும் தரையைத்தான் பார்த்தார்கள்.

"அது ஃபரிதா சீட்டு!" ஜெனிட்டா கத்தினாள். "அவளுக்கு ஒரு நாள் காய்ச்சல், வரல! ஒரே ஒரு நாள்!" அவள் மணிக்கட்டு ரத்தச் சிவப்பாக எரிந்தது.

"அந்தப் பொண்ணு சொல்றதுதான் நிஜம்!" தாயுமானவன் எழுந்து நின்றுவிட்டான். "நான் பொய் சொன்னேன்! ஒரு நாள்தான் பாத்தேன். இந்தச் சம்மதம் செல்லாது!"

நெஞ்சு படபடவென்று அடித்தது. உள்ளங்கை வியர்த்தது. வேலை போகும், பெயர் போகும், நாளைக்கு இந்த முகங்களை எப்படிப் பார்ப்பது என்ற பயம் பிடித்துக்கொண்டது.

நாடிக்கண் சிவப்பு.

கூடத்தில் ஒரு 'ச்சு' எழுந்தது. இரக்கத்தின் 'ச்சு'.

"சிவப்புல சொன்னது ஏறாது தாயு," என்றாள் கோமளவல்லி, குழந்தையிடம் பேசுகிற மாதிரி. "அந்தப் பொண்ணு கத்தினதுல நீங்க பயந்துட்டீங்க. உக்காருங்க. யாராவது அவருக்குத் தண்ணி குடுங்கப்பா."

"இல்ல மேடம், கேளுங்க, இந்தக் கருவியே…"

"உக்காருங்க."

நிதானமாக மூச்சு விட்டுப் பார்த்தான். மறுபடி சொன்னான். சிவப்பு. கண்ணை மூடிக்கொண்டு சொன்னான். சிவப்பு. பொய்யைப் பச்சையில் வாங்கிக்கொண்ட சபை, உண்மையை வாசலிலேயே நிறுத்திவிட்டது.

கோமளவல்லி நியாயமானவள். ஒரு குறையும் வைக்கக் கூடாதென்று ரெஜினா பக்கம் திரும்பினாள். "ரெஜினா, எல்லாம் கேட்டுக்கிட்டுதானே இருக்கே? சம்மதத்தை மாத்திக்கறதுன்னா இப்பவே சொல்லும்மா. யாரும் உன்ன ஒண்ணும் சொல்ல மாட்டோம்."

நூற்றுக்கணக்கான முகங்கள் அவளை நோக்கித் திரும்பின. ஒன்றில்கூடக் கடுமை இல்லை. எல்லாவற்றிலும் கனிவு. அந்தக் கனிவின் நடுவில் அவள் எழுந்து நின்றாள்.

"அம்மா, சொல்லும்மா! முடியாதுன்னு சொல்லு!" ஜெனிட்டா அவள் தோளைப் பிடித்து உலுக்கினாள்.

"இரு பாப்பா." ரெஜினாவின் குரல் தாழ்ந்திருந்தது. "அவரு பொய்யே சொல்லியிருக்கட்டும். அவரு சொன்னப்ப எனக்கு அது பொய்யின்னு தோணவே இல்லியே. இருக்கும்னுதானே தோணுச்சு." சபையைப் பார்த்துக் கும்பிட்டாள். "சம்மதம்தாம்மா. இருக்கட்டும்."

பச்சை.

தீர்மானம் ஒருமனதாக நிறைவேறியது. வீட்டுக்குப் போகிற வழியில் பலரும் தாயுமானவனின் தோளைத் தட்டி, ஓய்வெடுக்கச் சொன்னார்கள். ஒருவர்கூடக் கோபமாகப் பேசவில்லை. பேசியிருந்தால் அவனுக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

மறுநாள் காலை அவன் மாடிக்குப் போனான். என்ன சொல்வது என்று தெரியாமல்தான் போனான். தரை கழுவப்பட்டுப் பளபளத்தது. ஒரு ஓரத்தில் மல்லிகைத் தொட்டிகள் அதற்குள் வந்து இறங்கியிருந்தன. ரெஜினா காய்ந்தும் காயாத நெத்திலியைக் கூடைகளில் அள்ளிக்கொண்டிருந்தாள். ஜெனிட்டா அவனைக் கண்டதும் கையில் இருந்ததைப் போட்டுவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள்.

"ரெஜினா, நான் மேலிடத்துக்கு எழுதப் போறேன். இந்தக் கருவிய சோதிக்கச் சொல்லி."

"எழுதுங்க."

"மன்னிச்சுக்கன்னு கேக்க எனக்கு வாயில்ல."

அவள் கூடையைத் தூக்கத் தடுமாறினாள். அவன் ஓடிப்போய் மறுபக்கக் காதைப் பிடித்தான்.

அவள் சட்டென்று கூடையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு, அவனுக்கும் தனக்கும் நடுவில் நாலடி இடைவெளி விட்டுத் தள்ளி நின்றாள்.

"வேணாம் சார்," என்றாள், தரையைப் பார்த்தபடி. "வாடை உங்க மேல ஒட்டிக்கும்."