கோச் அங்கிளின் அட்டைப் பெட்டி

வளைகுடாவின் எண்ணெய் நகரமான ருவைஸில் யார் ஊருக்குக் கிளம்பினாலும் அந்தச் சேதி முதலில் டெல்சியின் வீட்டுக்குத்தான் வரும். காரணம் கயிறு. அட்டைப் பெட்டி கட்டுவதில் அவளுடைய அப்பா பத்திநாதனை மிஞ்ச அந்தக் குடியிருப்பில் ஆள் கிடையாது. எண்ணெய் ஆலையில் டெக்னீஷியன் வேலை பார்த்தாலும், குமரி மாவட்டக் கடற்கரையில் வலையும் கயிறுமாக வளர்ந்த கை அது. அவர் போட்ட முடிச்சை யாராலும் அவிழ்க்க முடியாது. ஊருக்குப் போய்க் கத்தியால் அறுக்க வேண்டியதுதான்.

பெட்டி கட்டுவது தனியாள் வேலை இல்லை. ஒருவர் மூடிமேல் முழங்காலை ஊன்றி அழுத்துவார். இரண்டு பேர் கயிற்றை இழுப்பார்கள். டெல்சியின் அண்ணன் ஷிபின் மார்க்கரால் நாலு பக்கமும் பெயரும் ஊரும் எழுதுவான். டெல்சியின் வேலை முடிச்சு விழும் இடத்தில் விரலை வைத்து அழுத்திக்கொள்வது. நேரம் பார்த்து விரலை எடுக்காவிட்டால் அதுவும் ஊருக்குப் போய்விடும் என்று ஷிபின் எப்போதும் கேலி செய்வான்.

அந்த வாரம் அப்பா கொண்டுவந்த சேதி வேறு மாதிரி இருந்தது. சாப்பிட உட்கார்ந்தவர் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"எதுத்த வீட்டு கோச்சுக்கு வேலை போச்சு."

டெல்சி கையிலிருந்த சப்பாத்தியைத் தட்டில் வைத்துவிட்டாள்.

எதிர்வீட்டு ஹென்னிங் ஜெர்மனிக்காரர். ருவைஸின் அல் ஷிரா கால்பந்துக் கிளப்புக்குக் கோச். தலை முழுக்க நரை, அதிகம் பேசமாட்டார். பிள்ளைகள் விளையாடும்போது பந்து அவர் வீட்டுப் பக்கம் போனால், வெளியே வந்து ஒரே உதையில் திருப்பி அனுப்புவார். அது யாரிடம் போகிறது என்று டெல்சி கவனித்து வைத்திருந்தாள். அன்றைக்கு யாருக்குப் பந்தே கிடைக்கவில்லையோ, அவர் காலடியில் போய் நிற்கும். பல நாள் அந்தக் கால் டெல்சியுடையதாகத்தான் இருந்தது.

கிளப் வரிசையாகத் தோற்றுக்கொண்டே வந்ததால் அவரை அனுப்பிவிட்டார்களாம். வெள்ளிக்கிழமை காலையில் கிளம்புகிறாராம்.

"நாம போய்ப் பாக்கலாமாப்பா?"

அம்மா லீமாதான் பதில் சொன்னாள். "வேலை போன மனுசன்கிட்ட போயி என்னன்னு கேக்க மக்ளே? அவருக்கும் சங்கடம், நமக்கும் சங்கடம்."

டெல்சிக்குத் தன் தோழி எப்சிபாவின் ஞாபகம் வந்துவிட்டது. போன வருடம் எப்சிபாவின் அப்பாவுக்கும் வேலை போனது. யாரிடமும் சொல்லவில்லை. ஒருநாள் டெல்சி விளையாடக் கூப்பிடப் போனபோது வீடு காலியாக இருந்தது. சன்னலில் எப்சிபா ஒட்டிய நட்சத்திர ஸ்டிக்கர் மட்டும் இருந்தது. டெல்சிக்கு அழுகையைவிடக் கோபம்தான் அதிகம் வந்தது. அன்று முதல் அவள் எப்சிபாவுடன் போனில்கூடப் பேசவே இல்லை. இன்னொருவரும் அப்படிச் சொல்லாமல் போவதை அவளால் பொறுத்துக்கொள்ள முடியாது.

மறுநாள் பள்ளி விட்டு வந்ததும் எதிர்வீட்டு மணியை அடித்தாள். ஹென்னிங் கதவைத் திறந்தார். வாசலை ஒட்டி ஒரே ஒரு சூட்கேஸ் நின்றது.

"கோச் அங்கிள், உங்களை வழியனுப்ப யார் வருவாங்க?" என்று ஆங்கிலத்தில் கேட்டாள்.

அவர் கொஞ்சம் யோசித்தார். பிறகு, அவளும் ஒரு பெரிய ஆள் என்பதுபோல நிதானமாகப் பதில் சொன்னார். "யாரும் வரமாட்டார்கள். அதில் யார் தப்பும் இல்லை. நான் பதினொரு கிளப்பில் வேலை பார்த்திருக்கிறேன். என் சொந்த ஊரில், தாய்லாந்தில், கானாவில், லெபனானில். ஒரு அணி தோற்றுக்கொண்டே இருந்தால் எல்லா ஆட்டக்காரர்களையும் மாற்ற முடியாது. கோச்சை மாற்றுவது சுலபம். எங்கள் தொழில் அப்படித்தான்."

"எந்த ஊர்லயும் யாருமே வரலையா?"

"வர நினைத்திருப்பார்கள். அனுப்பப்பட்டவனிடம் என்ன பேசுவது என்று தெரிந்திருக்காது. எனக்கும் தெரியாது. அதனால் சீக்கிரமே டாக்ஸி பிடித்துவிடுவேன்."

அவர் சிரிக்க முயன்றார். டெல்சி அதற்குமேல் அங்கே நிற்கவில்லை. நேராகக் கோல்கீப்பர் லுக்மானைத் தேடிப் போனாள். அல் ஷிராவில் ஆடுபவர்கள் எல்லாருமே ஆலையில் வேலை செய்கிறவர்கள்தான். லுக்மான் தீயணைப்புப் பிரிவில் இருந்தார். அடுத்த கட்டடத்துப் படிக்கட்டில் உட்கார்ந்து போன் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அண்ணா, கோச்சை வழியனுப்ப எல்லாரும் வாங்க."

லுக்மானின் முகம் வாடிவிட்டது. "எந்த முகத்தோடம்மா வர? கடைசி மேட்ச்ல நாலு கோல் விட்டது நான். வேலை போனது அவருக்கு. அவர் முன்னால நின்னு என்ன பேசறது, சொல்லு."

இவருக்கும் என்ன பேசுவது என்றுதான் தெரியவில்லை. டெல்சி தலையைக் குனிந்துகொண்டு வீட்டுக்குத் திரும்பினாள். வழியில் மூலைக்கடை வாசலில், கம்பளிகள் வந்து இறங்கிய பெரிய அட்டைப் பெட்டி ஒன்று காலியாகக் கிடந்தது. அதைப் பார்த்ததும் அவள் நின்றுவிட்டாள்.

பெட்டி கட்டும்போது யாராவது பேசி அவள் பார்த்ததுண்டா? "இழு", "அழுத்து", "விரலை எடு". அவ்வளவுதான். யாரும் அழுவதில்லை, ஆறுதல் சொல்வதும் இல்லை. ஆனால் கட்டி முடிக்கும்போது எல்லாரும் வழியனுப்பி முடித்திருப்பார்கள்.

கடைக்காரரிடம் கேட்டுப் பெட்டியை வாங்கிக்கொண்டு மறுபடி லுக்மானிடம் ஓடினாள். பெட்டி அவளைவிடப் பெரிதாக இருந்ததால், கால் முளைத்த பெட்டி ஒன்று தானாக ஓடிவருகிறது என்று நினைத்து லுக்மான் எழுந்தே நின்றுவிட்டார்.

"அண்ணா, நீங்க ஒண்ணும் பேச வேணாம். கோச்சுக்குப் பெட்டி கட்டணும். கயிறு இழுக்க பலமான ஆளு வேணும்."

லுக்மான் பெட்டியைப் பார்த்தார். "கயிறு இழுக்கணும், அவ்வளவுதானே?"

"அவ்வளவுதான்."

"வர்றேன்" என்றார். அவர் குரல் இப்போது கொஞ்சம் லேசாகியிருந்தது.

வியாழக்கிழமை மாலை, காலிப் பெட்டியுடன் டெல்சியும் ஷிபினும் கயிற்றுச் சுருளுடன் அப்பாவும் எதிர்வீட்டுக்குப் போனார்கள். ஹென்னிங்குக்கு ஒன்றும் புரியவில்லை. "இதற்குள் வைக்க என்னிடம் எதுவுமே இல்லையே" என்றார்.

"இங்க எல்லார் பெட்டியும் அப்படித்தான் அங்கிள். மத்தவங்க வைக்கிறதுதான் அதிகமா இருக்கும்" என்றாள் டெல்சி.

அம்மா முதலில் வந்து ஆரஞ்சு ஜூஸ் பவுடர் டப்பா ஒன்றையும் தைலம் நாலு பாட்டிலையும் வைத்தாள். ஜெர்மனியில் தைலத்துக்கு என்ன பஞ்சம் என்று ஷிபின் கேட்டதற்கு, நம் தைலம் போல வருமா என்று அவனை அடக்கிவிட்டாள். மேல்வீட்டு சுசீலா ஆன்ட்டி பாதாம் பொட்டலம் கொண்டுவந்தார். பிறகு லுக்மான் வந்தார். அவர் பின்னால் ஒருவர், அவருக்குப் பின்னால் இன்னொருவர் என்று அல் ஷிரா அணி முழுவதும் வரிசையாக வந்து கூடத்தில் நின்றது. யாரும் பேசவில்லை. ஒவ்வொருவரும் எதையோ பெட்டிக்குள் வைத்தார்கள். லுக்மான் வைத்தது தன் கோல்கீப்பர் கையுறைகள்.

ஹென்னிங் அந்தக் கையுறைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் கண்கள் சிவந்திருந்தன.

"கோச், அழுத்துங்க" என்றார் அப்பா.

ஹென்னிங் மூடிமேல் முழங்காலை ஊன்றினார். லுக்மான் ஒரு பக்கம் இழுக்க, மற்றவர்கள் மறுபக்கம் இழுத்தார்கள். டெல்சி விரலை வைத்தாள். இழுத்து இழுத்துக் கடைசியில் யாரோ ஒருவர், இதே வேகத்தில் மைதானத்தில் ஓடியிருந்தால் ஜெயித்திருப்போமே என்று சொல்ல, முதலில் சிரித்தது லுக்மான்தான். அதன்பின் எல்லாருக்கும் பேச்சு வந்துவிட்டது.

அந்தக் கூச்சலில் ஷிபினை யாரும் கவனிக்கவில்லை. அவன் நாலு பக்கமும் எழுதிவிட்டு நிமிர்ந்தான். எல்லாரும் பெட்டியைப் பார்த்தார்கள்.

'ஹென்னிங், திருவனந்தபுரம்.'

ஷிபின் இதுவரை எழுதிய பெட்டிகள் எல்லாம் போய் இறங்கிய விமான நிலையம் அது ஒன்றுதான். கை தன்பாட்டுக்கு எழுதிவிட்டது. பாவம், அவன் காதெல்லாம் சிவந்துபோய், எழுதியதை அடிக்கப் போனான்.

விஷயத்தைக் கேட்டதும் ஹென்னிங் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அந்தக் கட்டடத்தில் அவர் அப்படிச் சிரித்து யாரும் பார்த்ததில்லை. "அடிக்காதே. கீழே சின்னதாக ஃபிராங்ஃபர்ட் என்று எழுது, போதும்" என்றார்.

வெள்ளிக்கிழமை காலை டாக்ஸி வந்தபோது பெட்டியைத் தூக்க அத்தனை பேரும் போட்டி போட்டார்கள். டிரைவர்தான் பொறுமையிழந்து ஹாரன் அடித்தார்.

சில மாதங்கள் கழித்து அப்பாவின் போனுக்கு ஒரு படம் வந்தது. ஏதோ ஒரு தீவில், தென்னை மரங்களுக்கு நடுவே ஒரு மைதானம். எல்லைக்கோட்டுக்கு வெளியே அதே அட்டைப் பெட்டி இருந்தது. அதன்மேல் ஜூஸ் நிறைந்த ஜாடி. 'திருவனந்தபுரம்' கேமராவைப் பார்த்துக்கொண்டிருந்தது. தன் கையெழுத்து உலகம் சுற்றுகிறது என்று ஷிபின் இரண்டு நாள் பீற்றிக்கொண்டான்.

படத்துக்குக் கீழே டெல்சிக்கு ஒரு வரி இருந்தது. 'பன்னிரண்டாவது கிளப். இங்கிருந்தும் ஒருநாள் அனுப்புவார்கள். கயிறு பிடிக்க யாரைக் கூப்பிடலாம் என்று இப்போதே பார்த்து வைத்துவிட்டேன்.'

டெல்சி அதை இரண்டு தடவை படித்தாள். பிறகு அம்மாவிடம் போய்ப் போனைக் கேட்டாள்.

"யாருக்கு மக்ளே?"

"எப்சிபாவுக்கு."

அவளிடம் என்ன பேசுவது என்று டெல்சிக்குத் தெரியவில்லை. அன்றைக்கு உங்கள் பெட்டியை யார் கட்டினார்கள் என்று முதலில் கேட்கலாம் என நினைத்துக்கொண்டு எண்ணை அழுத்தினாள்.