நனைந்த ஷூக்காரர்களின் கோட்டு

வெடுக்கென்று ஒரு சத்தம்... அவன் சட்டைப் பை பாதி கிழிந்து தொங்கியது. பைக்குள் இருந்த கேசட் இப்போது நாகலக்ஷ்மியின் கையில்.

பல்லாவரம் வெள்ளிக்கிழமைச் சந்தை. வானம் கறுத்து, இதோ கொட்டப்போகிறேன் என்று நின்றது. பழைய கேசட் குவித்த சாக்கு விரிப்பில் அவள் தேடி ஓடிவந்த அந்த ஒரே கேசட்டை, ஒரு நிமிஷம் முந்தி இவன் எடுத்துப் பையில் செருகியிருந்தான். கேட்கலாம் என்றுதான் நினைத்தாள். கை முந்திக்கொண்டது.

“இன்னாம்மா இது, பட்டப்பகல்ல...”

“எனக்கு வேணும். இல்லாட்டி வேலை பூடும்.”

“பாட்டு கேக்காட்டி வேலை போற கம்பெனியா? எனக்கும் அங்க ஒரு இடம் சொல்லேன்.”

சிரித்தான். நல்ல கண்கள்... மழை பெய்யுமுன் வரும் வெளிச்சம் மாதிரி. அதனாலேயே அவளுக்கு எரிச்சல் கூடியது.

“சட்டையையும் கிழிச்சுட்டு கேசட்டும் வேணும்னா எப்படி? கொஞ்சம் கெஞ்சிக் கேளு, தரேன்.”

“கெஞ்சறதுக்கு வேற ஆளப் பாரு.” கேசட்டை அவன் கையில் திணித்துவிட்டு விறுவிறுவென்று நடந்தாள்.

மழை பிடித்துக்கொண்டது. ஒரு தார்ப்பாயின் கீழ் ஒதுங்கி முகத்தைத் துடைத்தாள். மழையா கண்ணீரா, அவளுக்கே தெரியவில்லை. உள்ளங்கையில் பால்பாயிண்டால் எழுதிவந்த எழுத்துகள் கரைந்து நீலமாக மணிக்கட்டில் வழிந்தன.

“இந்தப் பாட்டுக் கோஷ்டி பேரு உனக்கு எப்படித் தெரியும்?”

அவன்தான். நனைந்தபடி பின்னாலேயே வந்திருக்கிறான். கேசட் அட்டையிலும் அதே எழுத்துகள்.

வீம்பு ஒரு பக்கம் இழுத்தது. திங்கட்கிழமை ஒரு பக்கம் இழுத்தது. திங்கட்கிழமை ஜெயித்தது. சொல்லிவிட்டாள்.

அவள் தோல் கம்பெனியில் தையல் மிஷினில் இருப்பவள். டென்மார்க்கிலிருந்து சாம்பிளாக ஒரு கறுப்புக் கோட்டு வந்தது. முதுகில் இந்த எழுத்து. உடம்பெல்லாம் கிழிசல், கருகல், ஊக்கு. பெட்டியில் வரும்போது கிழிந்திருக்கும், வெள்ளைக்காரன் பார்த்தால் நம்மைத்தான் சொல்வான் என்று பயந்து, கிழிந்த தோளையும் கையையும் வெட்டியெடுத்துப் புதுத் தோல் வைத்துத் தைத்து, ஊக்கையெல்லாம் பிடுங்கி எறிந்து, பாலிஷ் போட்டு மாட்டிவைத்தாள். வெட்டிய துண்டுகள் கழிவு வண்டியோடு போய்விட்டன. அப்புறம்தான் தெரிந்தது, அந்தக் கிழிசலையே பார்த்து நூறு கோட்டு கிழித்துத் தரவேண்டுமாம். திங்கட்கிழமை வெள்ளைக்காரன் வருகிறான். அதற்குள் பழையபடி ஆகாவிட்டால் இந்தப் பக்கம் வராதே என்று மாஸ்டர் பக்தவச்சலம் சொல்லிவிட்டார்.

“கிழிசல் எங்கெங்க இருந்துச்சுன்னு சரியா நெனப்பு இல்ல. இதே எழுத்து போட்ட கேசட்டு இந்தச் சந்தையில கீது, அதுல போட்டோ கீதுன்னு பக்கத்து மிஷின் அம்மணிக்கா சொல்லிச்சு...”

அவன் சிரிக்கவில்லை. “இவங்க கேசட் இன்னும் மூணு எங்கிட்ட இருக்கு. எங்க சர்ச்சுக்கு வந்த டென்மார்க் அம்மா, இவங்க கதையெல்லாம் சொல்லிக் குடுத்துட்டுப் போனாங்க. என் பேரு தனசிங். அஸ்தினாபுரத்துல கேசட் கடை. சர்ச்சுல டிரம் அடிப்பேன்.”

“இந்த எழுத்துக்கு இன்னா அர்த்தம்?”

“நனைஞ்ச ஷூ.”

அவள் குனிந்து தன் செருப்பைப் பார்த்தாள். அவனும் பார்த்தான். சிரிப்பை இருவரும் வாய்க்குள்ளேயே வைத்துக்கொண்டார்கள்.

ஞாயிற்றுக்கிழமை கம்பெனி கேட்டருகே வாட்ச்மேன் கொட்டகையில் கோட்டை விரித்தார்கள். பக்தவச்சலம் முறைத்தபடி ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். தனசிங் நாலு கேசட்டையும் வரிசையாக வைத்தான்.

“மொதல் கேசட் போட்டோவுல பாடறவன் மேல இந்தக் கோட்டு புதுசு. நாலு பேரும் ஸ்கூல் பசங்க. வாசிக்கவே தெரியாது.”

“தெரியாததையா கேக்கறாங்க?”

“கோவப்படத் தெரியும்ல, அதைக் கேக்கறாங்க. இது ரெண்டாவது. காலியா கெடந்த ஒரு வீட்டுல பூந்து, அங்கேயே தங்கிப் பாடினாங்க. போலீஸ் தூக்கி வெளிய போட்டப்ப தோள் கிழிஞ்சுது. இதோ, இந்த இடம்.”

அவள் பிளேடால் அந்த இடத்தில் சின்னதாக வெட்டினாள். சின்னவளாக இருந்தபோது ஏரிக்கரையில் குடிசையைப் பிரித்தார்கள். அன்றைக்கு அப்பாவின் சட்டையும் இதே இடத்தில்தான் கிழிந்தது... எப்படிக் கிழியும் என்று அவளுக்குத் தெரியும். பிளேடைக் கீழே வைத்தாள். சின்னதாக வெட்டிய இடத்தில் இரண்டு கையாலும் பிடித்து இழுத்தாள்.

“கிழிக்கிறதுல நீ கெட்டிக்காரியாச்சே,” என்றான் மெதுவாக.

“மூடிகினு அடுத்தது சொல்லு.”

மூன்றாவது கேசட்டில் பாடுகிறவனுக்கும் டிரம்காரனுக்கும் சண்டை. கோட்டின் கை கிழிந்தது. ராசியான பிறகு டிரம்காரனே ஊக்கு குத்திவிட்டான். நாலாவது, அவள் பறித்த கேசட். எண்பத்தாறில் கடைசி மேடை. முழங்கையில் நெருப்புப் பட்ட கருகல். அதோடு பிரிந்துபோனார்கள். ஒருத்தன் பஸ் ஓட்டுகிறான், ஒருத்தன் ரொட்டி சுடுகிறான்.

“திரும்ப ஒண்ணு சேர்ந்துட்டாங்க போல. இல்லாட்டி நூறு கோட்டு எதுக்கு?” அவன் குரலில் சொந்தக்காரர் வீட்டு நல்லது கேட்ட சந்தோஷம்.

கடைசி ஊக்கைக் குத்தி நிமிர்ந்தபோது பக்தவச்சலம் கேட்டார். “ஆமா, யாரு இந்தப் பையன் உனக்கு?”

வாட்ச்மேன் பார்க்கிறான். வெளியே ரெண்டு பேர் நிற்கிறார்கள். நாளைக்குக் கம்பெனி முழுக்கப் பேச்சாகும்.

“யாரும் இல்ல சார். கேசட் விக்கிறவரு.”

தனசிங் கேசட்டுகளை அள்ளிக்கொண்டான். வாட்ச்மேன் வாங்கிவைத்த டீயைத் தொடவில்லை. திரும்பிப் பார்க்காமல் போனான்.

திங்கட்கிழமை வெள்ளைக்காரன் கோட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். தோள் கிழிசலுக்குள் விரலை விட்டான். நாகலக்ஷ்மி அந்த விரலையே பார்த்தாள். அவன் ஏதோ சொன்னான். பக்தவச்சலம் அவள் பக்கம் திரும்பினார்.

“தோல் புதுசுன்னு கண்டுபிடிச்சுட்டான். ஆனா கிழிசல் சரியா கீதாம். நூறையும் இதே கைதான் கிழிக்கணுமாம்.”

வேலை தப்பியது. ஆனாலும் அந்த வாரம் முழுக்க ஒவ்வொரு தோளைக் கிழிக்கும்போதும் அவளுக்கு அந்த ஆறிப்போன டீதான் கண்ணில் நின்றது. யாரும் இல்ல... எப்படி வாய் வந்தது?

வெள்ளிக்கிழமை. அதே சாக்கு விரிப்பு. அவன் குனிந்து கேசட் கிளறிக்கொண்டிருந்தான். சட்டைப் பை இன்னும் கிழிந்தபடி... ஒரு ஊக்கில் தொங்கியது.

“ஊசி நூலு எடுத்தாந்திருக்கேன். இப்படித் திரும்பு.”

“வேணாம். யாரோ கேசட் விக்கிறவன் சட்டை எப்படி இருந்தா உனக்கென்ன?”

“திரும்புன்னு சொல்றேன்ல.”

“தைக்க விட மாட்டேன். அவங்க கோட்டுல ஒவ்வொரு கிழிசலும் ஒரு நாளு. இது நீ வந்த நாளு. விட்டுடு.”

அவள் கையிலிருந்த ஊசி அப்படியே நின்றது. முதல் தூறல் அவன் தோளில் விழுந்தது.

“சரி, தைக்கல,” என்றாள் தரையைப் பார்த்து. “ஆனா ஞாயித்துக்கிழம பொழிச்சலூர்ல எங்க வீட்டுக்கு வா. எங்க அப்பா கேப்பாரு, இன்னாடி, உன் ஆளு சட்டை இப்படிக் கீதேன்னு.”

அவன் மெல்ல நிமிர்ந்தான். “யாரு ஆளு?”

அவள் ஊசியை முந்தானையில் குத்திக்கொண்டாள்.

“கேட்டா... நான்தான் கிழிச்சேன்னு சொல்லிக்கிறேன்.”