இல்லாதவர்களுக்குத் தேநீர்

திரையில் அவர் போட்டிருந்த சாம்பல் நிறச் சட்டைக்கு இரண்டு கையும் இருந்தன.

கணவர் இறந்துபோன அன்று, தைத்துக்கொண்டிருந்த அந்தச் சட்டைக்கு அவள் ஒரு கைதான் வைத்திருந்தாள். மற்றதை, வீட்டில் ஆள் நடமாட்டம் ஓய்ந்த பிறகு, யாருக்கென்று தெரியாமலே தைத்துமுடித்து பீரோவில் வைத்தாள். கண் அசந்து திரையில் தப்பாகத் தெரிந்திருக்கும். மூன்று மாதமாகத் தூக்கம் ஏது?

அதற்குமுன் ஒன்பது மாதம் அந்த வீட்டில் படம் பிடித்தார்கள். கதை கிடையாது, நடிப்பு கிடையாது. அவள் தைப்பாள், கணவர் இஸ்திரி போடுவார், அதுதான் படம். முதல் நாளே இயக்குநர் பெண் சொன்னாள்: "அக்கா, கேமராவ மட்டும் பாக்காதீங்க. நாங்க இங்க இல்லன்னு நினைச்சுக்கங்க."

"அப்ப இல்லாதவங்களுக்கு எதுக்கும்மா டீ போடுறே?" என்று அவர் அவளைக் கேட்டதில் கேமரா பிடித்தவரே சிரிப்பில் குலுங்கிவிட்டார்.

பழகிவிட்டது. பீரோ ஓரத்தில், கேமரா நின்ற மூலைப்பக்கம், இப்போதும் அவள் கழுத்து திரும்புவதில்லை.

காலையில் அந்தப் பெண் லேப்டாப்பைக் கொடுத்துவிட்டுப் போயிருந்தாள். "எது படத்துல வரக்கூடாதோ சொல்லுங்கக்கா. சாயந்தரம் வந்து எடுத்துக்கறேன்." அவர் குரல் உலகத்தில் வேறெங்கும் இல்லை. சோற்றை மறந்து, இயர்போனை மாட்டிக்கொண்டு, அவர் இருமுவதையும், சட்டையில் குத்தியிருந்த மைக்கில் துணி உரசுவதையும், ஈரத்துணியில் இஸ்திரிப்பெட்டி சீறுவதையும் ஒன்றுவிடாமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.

அடுத்த காட்சியில் தையல் மிஷினில் நீலத்துணி கிடந்தது. இன்று காலை அவள் மாட்டிய துணி.

மூடிவிடலாம். மூடினால் குரலும் போய்விடும். மூடவில்லை.

அதற்கடுத்த காட்சி பீரோ மூலையிலிருந்து எடுத்தது. ஒரு பெண்ணின் முதுகு. காதிலிருந்து தொங்கும் வயர். அவள் முன்னால் லேப்டாப்.

சூடான துணியின் வாசனை வந்தது. இஸ்திரிப்பெட்டியை மூன்று மாதமாக யாரும் தொடவில்லை.

திரையில் அவர் அந்த முதுகின் பக்கத்தில் வந்து நின்றார். இரண்டு கை வைத்த சட்டை. கேமராவைப் பார்க்கவில்லை. சொன்ன சொல் தவறாதவர். குனிந்தார்.

இயர்போனில் மூச்சு.

கழற்றினாள்.

மூச்சு நிற்கவில்லை.

"ஏங்க?"

"திரும்பாதம்மா." அவர் குரல்தான். களைத்திருந்தது. "நாங்க இங்க இல்லன்னு நினைச்சுக்க."

நாங்க.

அவள் திரும்பவில்லை. திரையில் அவள் தோளுக்குமேல் ஒரு கை நீண்டது, காலி டம்ளரோடு. அதன் பக்கத்தில் இன்னொரு கை, இன்னொரு டம்ளர். பீரோ மூலையிலிருந்து இன்னும் கைகள் வந்துகொண்டிருந்தன.