கடைசிக் கட்டில்

சுங்காய்ப் பக்கம், ரப்பரை அழித்துச் செம்பனை நட்ட தோட்டத்தில், இடிக்காமல் மிஞ்சியிருந்த ஒரே தொழிலாளர் லயத்தின் முன் புனிதா காரை நிறுத்தியபோது மணி மூன்று. உள்ளே டீவி அலறிக்கொண்டிருந்தது. பதினெட்டு ஆண்டுகளாக ஓடும் மருத்துவமனைத் தொடர். அதில் வரும் தாதியின் வெள்ளை உடுப்பைப் பார்த்து ஆசைப்பட்டுத்தான் புனிதாவும் தாதியானாள். நோயாளிகளின் வீடு தேடிப் போய் மருந்து கொடுப்பது அவள் வேலை.

நோயாளி பாப்பாவின் மகள் தினேஸ்வரி கதவைத் திறந்தாள்.

"திங்கக்கிழமையே வாரேன்னு சொன்னீங்க, மிஸ்ஸி. அம்மா துடிச்சுப் போயிட்டாங்க."

இன்று வியாழன். பாப்பாவின் வலி மருந்து நான்கு நாட்களாகப் புனிதாவின் பையிலேயே கிடந்தது.

"இப்ப எப்படி இருக்காங்க?"

"காலையிலேருந்து கத்தல. டீவி டாக்டரோட பேசிக்கிட்டே இருக்காங்க லா. யாரும் உள்ள வரக்கூடாதாம்."

சாத்திய அறையில் தைல வாடை. அதற்கு அடியில், இனிப்பாக, வேறொரு வாடை. பாப்பா சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். திரையில் டாக்டர் ஒவ்வொரு கட்டிலாக வந்துகொண்டிருந்தார்.

"வலிக்குதாம்மா?"

"வலிக்குது, டாக்டர்."

பாப்பாவின் குரல்.

புனிதா அவர் மணிக்கட்டைப் பிடித்தாள்.

சில்லென்றிருந்தது. விரல்கள் விறைத்திருந்தன. உயிர் போய்ப் பல மணி நேரம் ஆகியிருந்தது.

"மிஸ்ஸி வரலயா?" டாக்டர் கேட்டார்.

"வாரேன்னாங்க. வரல."

குரல் திரையிலிருந்து வந்தது. அங்கே கடைசிக் கட்டிலில், முதுகு காட்டி ஒருத்தி படுத்திருந்தாள்.

புனிதா வயரைப் பிடுங்கி எறிந்தாள்.

காரியங்கள் முடிந்ததும் அவள் ஈப்போவில் வார்டு வேலைக்கு மாற்றல் வாங்கிக்கொண்டாள். அங்கும் மூன்று மணிக்கு அதே தொடர்தான். அணைக்கச் சொன்னால் நோயாளிகள் சண்டைக்கு வந்தார்கள். அவள் திரையைப் பார்க்காமலே மருந்து கொடுக்கப் பழகினாள்.

ஒரு நாள், கோப்பெங்கிலிருந்து வந்திருந்த சாலிஹா என்ற நோயாளி, மாத்திரையை வாங்கியபடியே டீவியைப் பார்த்தார்.

"அந்தக் கடைசிக் கட்டில் அம்மா இன்னைக்கு எந்திரிச்சு உக்காந்துட்டாங்க, மிஸ்ஸி. உங்களத்தான் பாக்குறாங்க."

புனிதா திரும்பவில்லை.

"இப்ப அங்க காணோமே," என்றார் சாலிஹா.

பிறகு மெல்ல நகர்ந்து, யாரோ உட்காருவதற்காகத் தன் கட்டிலின் ஓரத்தில் இடம் விட்டார்.