பாதி பிழைத்த ரோல்

எடுத்துட்டான்... கேட்காம கொள்ளாம எடுத்தே விட்டான்.

பஸ் நிறுத்தத்தில் மழைக்கு ஒதுங்கி, கிளிப்பைப் பல்லில் கடித்தபடி ஈரக் கூந்தலை முறுக்கிக்கொண்டிருந்தவளுக்கு அந்த 'டிக்' சத்தம் சுரீரென்றது. நிமிர்ந்தாள். கேமராவுக்குப் பின்னாலிருந்து இரண்டு கண்கள் வெளியே வந்தன. அநியாயத்துக்கு அழகான கண்கள்... பாவி.

"ஹலோ, அழிங்க அத."

"இது பிலிம் கேமராங்க. அழிக்க முடியாது."

"முன்ன பின்ன தெரியாதவங்கள எல்லாம் எடுப்பீங்க... கேட்டா முடியாதும்பீங்க. என் மூஞ்சி எனக்குச் சொந்தமில்லையா?"

அவன் முகம் வெளுத்துவிட்டது. "தப்புதாங்க..." என்றவன், என்ன ஏது என்று யோசிக்காமல் கேமராவின் பின்மூடியைச் சடக்கென்று திறந்துவிட்டான்.

அவள் பாய்ந்து மூடினாள். "லூசா நீங்க? கழுவினப்புறம் என் படத்தை மட்டும் வெட்டித் தூக்கியிருக்கலாமே. வெளிச்சம் பட்டா மத்ததெல்லாம் என்ன ஆகும்?"

"உங்களுக்கு எப்படிங்க...?"

"ஸ்டுடியோல பிலிம் கழுவுறதுதான் என் பொழைப்பே."

அவன் பொத்தென்று பெஞ்சில் உட்கார்ந்தான். கண்காட்சிக்குப் படம் கொடுக்க இன்று சாயங்காலம்தான் கடைசியாம். தெருத்தெருவாக அலைந்து எடுத்ததெல்லாம் இந்த ரோலில்தானாம். ஆனாலும் அவளை ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. அதுதான் உறுத்தியது. திட்டியிருந்தால் திருப்பித் திட்டிவிட்டு நிம்மதியாகப் போயிருப்பாள்.

"எழுந்திருங்க. ரோலோட உள்சுத்துல இருக்கறது, முதல்ல எடுத்ததெல்லாம் தப்பிச்சிருக்கலாம்." அவனைத் தன் ஸ்டுடியோவுக்கே கூட்டிப் போனாள்.

"யாரும்மா இது?" என்றார் ஸ்டுடியோ முதலாளி.

"கஸ்டமர்" என்றாள், தேவையில்லாத வேகத்தில்.

டார்க் ரூமிலிருந்து வந்த பிலிமில் வெளிச்சுற்று முழுக்கக் கறுத்துப்போயிருந்தது. உள்ளே... கம்பியில் சாய்ந்து தூங்கும் கண்டக்டர். மண்டியிட்டுக் குழந்தைக்கு ஷூ லேஸ் கட்டிவிடும் போலீஸ்காரர். செருப்பை மாற்றிப் போட்டுக்கொண்டு சிரிக்கும் தோழிகள். யாரையும் கேலி செய்யாத படங்கள். ஒவ்வொன்றையும் திரும்பத் திரும்பப் பார்த்தாள். மனுஷங்கள இப்படிப் பாக்கறவன்கிட்டயா அப்படிக் கத்தினேன்?

பிரிண்ட்களை நீட்டினாள். "கொஞ்சம் தேறிடுச்சு. அனுப்பப் போதும். என்னோடது... போயிடுச்சு."

"நல்லதுங்க. அதானே கேட்டீங்க."

அதைத்தான் கேட்டாள். அப்புறம் ஏன் அதைச் சொல்லும்போது தன் குரல் இப்படி இறங்கித் தொலைத்தது? அவன் நன்றி சொல்லிவிட்டுக் கதவுவரை போய்விட்டான். இப்போது வீம்பு பிடித்தால் அவ்வளவுதான், ஆள் போயே போய்விடுவான்.

"ஒரு நிமிஷம்... இவங்கள எல்லாம் பாத்த மாதிரிதான் என்னையும் பாத்தீங்களா?"

அவன் திரும்பினான். காதுவரை சிவந்திருந்தான்.

"இல்லங்க. இவங்கள எடுக்கறப்போ கை நடுங்கல. உங்க படம் எப்படியும் ஆடிப்போய்த்தான் வந்திருக்கும்."

அவளுக்குச் சிரிப்பும் வந்தது, கண்ணும் கலங்கியது. "உள்ள போனதும் முதல்ல என் படத்தைத்தான் தேடினேன்... இல்லைன்னதும் அழுகையே வந்துடுச்சு."

"அப்ப... இன்னொண்ணு எடுக்கட்டுமா?"

"வேணாம். கேமராவக் கீழ வைங்க..." அவள் ஒரு எட்டு முன்னால் வந்தாள். "நேராவே பாருங்க. எனக்கு உங்களப் பிடிச்சிருக்கு."