முட்டைக்கோஸில் உப்பு

நண்டுவின் அம்மா ஒரு தொழிற்சாலை உணவகத்தில் சமையல்காரர். அங்கே எல்லோரும் அவரை 'மாஸ்டர்' என்றுதான் கூப்பிடுவார்கள். நூற்றிருபது பேருக்குச் சமைத்தாலும் அவர் கரண்டியால் அளந்து உப்புப் போட்டதே இல்லை. ஐந்து விரல்களையும் குவித்து எடுப்பார், தூவுவார். அவ்வளவுதான்.

நண்டுவுக்குப் பதினொரு வயது. தவழும் வயதில் பக்கவாட்டிலேயே போவாளாம். அப்போது ஒட்டிக்கொண்ட பெயர் அது. அவள் தம்பிக்கு ஏழு வயது. ஒல்லியாக இருப்பதால் அவன் குண்டூசி.

போன மாதம் அம்மாவுக்குக் கடுமையான காய்ச்சல் வந்தது. பத்து நாளில் போய்விட்டது. ஆனால் அதன் பிறகு அம்மாவின் மூக்குக்கு மணமும் தெரியவில்லை, நாக்குக்கு ருசியும் தெரியவில்லை.

"சில பேருக்குச் சீக்கிரம் திரும்பி வரும். சில பேருக்கு ரொம்ப நாள் ஆகும். வராமலே போறதும் உண்டு," என்றார் டாக்டர்.

அன்றிலிருந்து அம்மா எதைச் சாப்பிட்டாலும் காகித அட்டையை மெல்வதுபோல மென்றார். மல்லித்தழையைக் கசக்கி மூக்கருகே வைத்துப் பார்ப்பார். பிறகு கீழே வைத்துவிடுவார்.

ஒருநாள் உணவக மேலாளர் போன் செய்தார். "திங்கட்கிழமை வாங்க மாஸ்டர். ஒரே ஒரு காய் மட்டும் செஞ்சு காட்டுங்க. சரியா வந்துச்சுன்னா பழையபடி நீங்கதான்."

அதனால் ஞாயிற்றுக்கிழமை மதியம் அம்மா வீட்டிலேயே செய்து பார்த்தார். முட்டைக்கோஸ் வறுவல். அம்மாவுக்குத் தண்ணீர் பட்ட பாடு.

கத்தி டக்டக்கென்று ஓடியது. கோஸ் நூல்நூலாக விழுந்தது. எண்ணெய் காய்ந்ததும் சீரகத்தைப் போட்டார். ஆனால் அது கருகத் தொடங்கியதை அவர் மூக்கு சொல்லவில்லை. கோஸைக் கொட்டினார், மஞ்சள்தூள், மிளகாய்த்தூள், உப்பு போட்டார். ஒரு துணுக்கை எடுத்து வாயில் வைத்தார். முகம் சுருங்கியது.

"உப்பு போட்டேனா, போடலையா?" என்று தனக்குத்தானே கேட்டுக்கொண்டு, இன்னொரு பிடி போட்டார்.

மேசையில் நான்கு தட்டுகள் வந்தன. நண்டு ஒரு வாய் வைத்தாள். நாக்கு சுரீர் என்றது. உப்புக் கரித்தது. அதன் பின்னாலேயே கருகிய கசப்பு வந்தது.

அப்பா பேருந்து ஓட்டுநர். எந்தப் பள்ளத்திலும் முகம் மாறாமல் வண்டியை ஓட்டுகிறவர். இப்போதும் முகம் மாறாமல் மென்றார். ஆனால் மூன்று தம்ளர் தண்ணீர் குடித்துவிட்டார்.

"அம்மா, இதுல..." என்று ஆரம்பித்தான் குண்டூசி.

நண்டு மேசைக்கடியில் அவன் காலை மிதித்தாள்.

"இதுல... கோஸ் நிறைய இருக்கு," என்று முடித்தான் அவன்.

அம்மா நண்டுவைப் பார்த்தார். "நீ சொல்லு. உன்னைத்தான் நம்புறேன். எப்படி இருக்கு?"

அம்மாவின் கண்களில் ஒரு பயம் இருந்தது. நண்டுவால் அதைப் பார்க்க முடியவில்லை.

"சூப்பர்மா! முன்னாடி செய்வியே, அதே மாதிரி இருக்கு."

அம்மா சிரித்தார். ஒரு மாதத்தில் அதுதான் முதல் சிரிப்பு. "அப்ப உப்பு ரெண்டாவது தடவை போட்டது சரிதான். எனக்குத்தான் வீண் சந்தேகம்!"

அந்தச் சிரிப்புக்காக எத்தனை தம்ளர் தண்ணீர் வேண்டுமானாலும் குடிக்கலாம் என்று நினைத்தாள் நண்டு.

திங்கட்கிழமை மாலை பள்ளி விட்டு ஓடி வந்தாள். அம்மா சமையலறைத் தரையில் உட்கார்ந்திருந்தார். அவர் விரல்கள் வெகுநேரம் தண்ணீரில் ஊறியதுபோல வெளுத்துச் சுருங்கியிருந்தன.

"என்னம்மா ஆச்சு?"

"தட்டெல்லாம் அப்படியே திரும்பி வந்துச்சு. ஒருத்தர் என் கண்ணு முன்னாடியே துப்பிட்டார்."

"மேலாளர் திட்டினாரா?"

"திட்டல. திட்டியிருந்தாக்கூடப் பரவாயில்ல. நாளையிலிருந்து சமையலுக்கு வேற ஆள் வருதாம். 'பாத்திரம் கழுவுற இடத்துல இருக்கீங்களா'ன்னு கேட்டார். சரின்னுட்டேன். இன்னிக்கே கழுவிட்டும் வந்துட்டேன்."

நண்டு பள்ளிப் பையைக் கழற்றாமலேயே அம்மா பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"நேத்து செஞ்ச மாதிரியேதான் செஞ்சேன். அதே மாதிரி ரெண்டு தடவை உப்பு. நீதான் நல்லா இருக்குன்னு சொன்னியே? எங்க தப்பு பண்ணேன்னே புரியல," என்றார் அம்மா.

நண்டு பேசாமல் இருந்திருக்கலாம். அம்மாவுக்குத் தெரிந்திருக்காது. ஆனால் அம்மா தன் கைகளையே திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். தப்பு அந்தக் கைகளில் எங்கோ ஒட்டிக்கொண்டிருப்பதுபோல.

"அம்மா... நேத்தும் நல்லா இல்லம்மா. ரொம்ப உப்பு. சீரகமும் கருகிடுச்சு. நீ வருத்தப்படுவேன்னு பொய் சொல்லிட்டேன்."

அம்மா நிமிர்ந்தார். கட்டிப்பிடித்து 'பரவாயில்லடா' என்று சொல்லவில்லை.

"உன் நாக்கு எனக்கும் சேர்த்து ருசி பார்க்கும்னு நெனச்சேனே!" என்றார். "நேத்தே சொல்லியிருந்தா உப்பைக் குறைச்சிருப்பேன். இல்லன்னா போகாமலாவது இருந்திருப்பேன்."

வேலை முடிந்து வந்த அப்பாவுக்கும் திட்டு விழுந்தது.

"உன் மனசு கஷ்டப்படக் கூடாதுன்னுதான்..." என்று இழுத்தார் அப்பா.

"இப்ப கஷ்டப்படலையா?"



அன்று முதல் அம்மா வீட்டிலும் சமைக்கவில்லை. காலையில் போவார், பாத்திரம் கழுவிவிட்டு மதியம் வருவார், சுவரைப் பார்த்துப் படுத்துக்கொள்வார். சமையல் அப்பாவின் பொறுப்பாயிற்று. அப்பாவுக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று.

"இன்னிக்கும் அவிச்ச உருளைக்கிழங்கா?" என்றான் குண்டூசி.

"நாளைக்கு வேற மாதிரி."

"எப்படி?"

"தோலோட," என்றார் அப்பா.

யாரும் சிரிக்கவில்லை.

நண்டு அம்மாவிடம் மூன்று முறை மன்னிப்புக் கேட்டாள். மூன்று முறையும் அம்மா, "ம்," என்றார். அந்த 'ம்' கதவைச் சாத்துவதுபோல இருந்தது.

சனிக்கிழமை மதியம் நண்டு கடைக்குப் போய் ஒரு முட்டைக்கோஸ் வாங்கி வந்தாள். அப்பா அடுப்பைப் பற்றவைத்துக் கொடுத்துவிட்டுப் பக்கத்திலேயே நின்றார்.

கோஸ் நூல்நூலாக வரவில்லை. சில துண்டுகள் விரல் அளவு, சில துண்டுகள் குண்டூசியின் காது அளவு. வாணலி நிரம்பி வழிந்தது. அடியில் இருந்தது தீய, மேலே இருந்தது பச்சையாகவே கிடந்தது. உப்பு அதிகமாகிவிடுமோ என்று பயந்து கிள்ளித்தான் போட்டாள்.

இறக்கி வைத்து ருசி பார்த்தாள். ஒரு தட்டில் எடுத்துக்கொண்டு அம்மாவிடம் போனாள்.

அம்மா எழுந்து உட்கார்ந்தார். ஒரு வாய் மென்றார். அட்டைதான். "எனக்கு என்ன தெரியப்போகுது? எப்படி இருக்கு?" என்றார் அலுப்புடன்.

நண்டு மூச்சை இழுத்துவிட்டாள்.

"நல்லா இல்லம்மா. உப்பு பத்தல. மிளகாய்த்தூள் பச்சை வாடை அடிக்குது. தண்டெல்லாம் வேகல. அடியில கருகியும் போச்சு."

அம்மா அவளையே பார்த்தார். "அடியைச் சுரண்டினியா?" என்று கேட்டார்.

"இல்ல."

"நல்லவேளை. வா."

மேலாக இருந்த கோஸை மட்டும் அம்மா வேறொரு வாணலிக்கு மாற்றினார். தண்ணீர் தெளித்து மூடினார். தீயைக் குறைத்துவிட்டு, மூடியருகே காதைக் கொண்டுபோனார். உள்ளே தண்ணீர் சடசடத்தது.

"சத்தம் அடங்குது. திறந்து மோந்து பாரு. பச்சை வாடை போயிடுச்சா?"

"கொஞ்சம் போயிடுச்சு."

"கொஞ்சம்னு எல்லாம் சொல்லாதே. இருக்கா, இல்லையா?"

"இருக்கு."

மறுபடி மூடி. மறுபடி காத்திருப்பு. குண்டூசி வாசலில் நின்று எட்டிப் பார்த்தான்.

"இப்ப?"

"இப்ப இல்லம்மா."

அம்மா விரல்களைக் குவித்து உப்பு எடுத்தார். பாதியைத் திருப்பி ஜாடியில் போட்டார். மீதியைத் தூவிக் கிளறினார். நண்டு ருசி பார்த்தாள்.

"இன்னும் துளி வேணும்."

"எவ்ளோ?"

"ரெண்டு விரல்ல எடுத்தா போதும்."

அம்மா இரண்டு விரல்களால் எடுத்துப் போட்டார். ஆவி முகத்தில் பட, அடுப்பைப் பார்த்தபடியே கேட்டார்: "நண்டு, எனக்கு ருசி திரும்பி வருமா?"

'கண்டிப்பா வரும்மா' என்ற சொல் நண்டுவின் உதடு வரைக்கும் வந்துவிட்டது. அதை விழுங்கினாள்.

"தெரியலம்மா."

அம்மா தலையசைத்தார். புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "எனக்கும் தெரியல. திங்கட்கிழமையும் பாத்திரம்தான் கழுவணும். அதை நெனச்சா நெஞ்சு எரியுது. உன் மேல கோபமும் இன்னும் போகல."

"சரிம்மா," என்றாள் நண்டு. அந்த 'ம்'-ஐவிட இது எவ்வளவோ மேல் என்று அவளுக்குத் தோன்றியது.

அன்று நான்கு பேரும் ஒன்றாக உட்கார்ந்தார்கள். குண்டூசி ஒரு வாய் வைத்தான். அக்காவின் கால் எங்கே இருக்கிறது என்று குனிந்து பார்த்துவிட்டு, "பெரிய துண்டெல்லாம் கடிக்கவே முடியல. ஆனா ருசியா இருக்கு," என்றான்.

அம்மா நண்டுவைப் பார்த்தார். "நீ சொல்லு."

நண்டு அவசரப்படவில்லை. நன்றாக மென்று விழுங்கினாள்.

"தண்டு கொஞ்சம் கடினமா இருக்கு. உப்பு சரியா இருக்கு. நிஜமாவே நல்லா இருக்கும்மா."

"நீ சொன்னா சரி," என்றார் அம்மா. ஒரு ருசியும் தெரியாத வாயோடு, தன் தட்டில் இன்னும் ஒரு கரண்டி போட்டுக்கொண்டார்.